சங்கொலியில் மறைந்த சொல்

தொலைக்காட்சியில் மகாபாரதத் தொடர் பார்க்கும் உங்கள் பன்னிரண்டு வயது மகள், “இதெல்லாம் உண்மையிலேயே மகாபாரதத்தில் இருக்கிறதா, இல்லை இவர்களாகச் சேர்த்ததா?” என்று கேட்டதாகவும், என்ன சொல்வதென்று தெரியவில்லை என்றும் எழுதியிருக்கிறீர்கள். அவள் கர்ணன் கட்சி, நீங்கள் அர்ச்சுனன் கட்சி என்பதையும் படித்தேன். நல்ல வீடு.

பாதி இருக்கிறது, பாதி இல்லை என்பதுதான் நேரான பதில். ஆனால் இல்லாத பாதியில் பெரும்பகுதி தொடர் எடுத்தவர்கள் கண்டுபிடித்ததல்ல. பல நூறு ஆண்டுகளாக நாடகங்களிலும் கூத்திலும் உபந்நியாசங்களிலும் பாட்டி சொன்ன கதைகளிலும் வளர்ந்து வந்தது. அதனால் சேர்த்தவற்றைப் பற்றி நான் அதிகம் கவலைப்படுவதில்லை. விட்டவைதான் என்னை உறுத்துகின்றன. இரண்டையும் சொல்கிறேன்.

முதலில் பழைய கதை ஒன்று. தூர்தர்ஷனில் ராமானந்த சாகரின் ராமாயணம் 1987 ஜனவரி 25-இல் தொடங்கி 1988 ஜூலை 31-இல் 78 பகுதிகளோடு முடிந்தது. இரண்டே மாதங்களில், அக்டோபர் 2 அன்று, பி.ஆர். சோப்ராவின் மகாபாரதம் வந்தது. அவருடைய மகன் ரவி சோப்ராவும் சேர்ந்து இயக்கினார். 94 பகுதிகள், 1990 வரை. ஞாயிற்றுக்கிழமைக் காலையில் தெருக்கள் வெறிச்சோடின என்று எல்லாரும் எழுதுவார்கள், அது உண்மைதான். செஞ்சிப் பக்கத்தில் எங்கள் ஊரில் அப்போது இரண்டே தொலைக்காட்சிப் பெட்டிகள். திண்ணை வரை ஆள் நிரம்பியிருக்கும். யாருக்கும் இந்தி தெரியாது. பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்று வந்த தாத்தா ஒருவர் முன்னால் உட்கார்ந்துகொண்டு ஒவ்வொரு வசனத்தையும் தமிழில் சொல்வார். பாதி நேரம் அவருக்கு முன்பே கூட்டம் சொல்லிவிடும். கதை எங்களுக்குத் தெரிந்ததுதானே. ஆண்டுதோறும் திரௌபதை அம்மன் கோவிலில் பகலில் வில்லிபாரதப் பிரசங்கமும் இரவில் கூத்தும் கேட்ட ஊர் அது.

பதினெட்டு நாள் போர் திரையில் தொடங்கிய வாரம் என் பாட்டி கேட்ட கேள்வி இன்னும் நினைவிருக்கிறது: “அரவான் எங்கே?” களப்பலி வரும் வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. “இவனுக்குப் பாரதமே தெரியவில்லை” என்று எழுந்து போய்விட்டாள்.

பாட்டியின் கோபத்தில் நியாயம் இருந்தது. பாண்டவர் வெற்றிக்காக அரவான் காளிக்குத் தன்னையே பலி கொடுப்பது தமிழ்ப் பாரதத்தின் நடுத்தூண். பாரத வெண்பா பாடிய பெருந்தேவனார் காலத்திலேயே, அதாவது ஒன்பதாம் நூற்றாண்டிலேயே, அது இங்கே இருக்கிறது. வில்லிபுத்தூரார் பாடியிருக்கிறார். கள்ளக்குறிச்சி மாவட்டம் கூவாகத்தில் சித்திரைதோறும் திருநங்கையர் கூடித் தாலி கட்டிக்கொண்டு மறுநாள் அறுத்து அழுவது அந்த அரவானுக்காகத்தான். ஆனால் வியாசரின் வடமொழி நூலில் இராவான் என்ற பெயரில் வரும் அந்த இளைஞன், அர்ச்சுனனுக்கும் உலூபிக்கும் பிறந்தவன், போரின் எட்டாம் நாள் அலம்புசன் என்ற அரக்கன் கையில் சாகிறான். அவ்வளவுதான். களப்பலி அங்கே கிடையாது. எனவே “இது மகாபாரதத்தில் இருக்கிறதா?” என்று கேட்டால், எந்த மகாபாரதம் என்று நாம் திருப்பிக் கேட்க வேண்டியிருக்கிறது.

வடமொழி மகாபாரதமே ஒரே நூல் அல்ல. வடக்கே ஒரு பாடம், அதாவது ஒரு வாசக வடிவம்; தெற்கே தெலுங்கு, கிரந்த, மலையாளச் சுவடிகளில் வேறொரு பாடம். புனேயில் உள்ள பண்டார்கர் கீழ்த்திசை ஆய்வு நிறுவனம் 1919-இல் தொடங்கி 1966 வரை, ஆயிரத்துக்கும் மேற்பட்ட சுவடிகளை வரிக்கு வரி ஒப்பிட்டு, எல்லாப் பாடங்களுக்கும் பொதுவான பழைய வடிவம் எதுவாக இருக்கும் என்று கண்டு ஒரு செம்பதிப்பு கொண்டுவந்தது. விஷ்ணு சுக்தங்கர் அதன் முதல் பெரிய பதிப்பாசிரியர். இனி நான் “மூலம்” என்று சொல்லும்போது பெரும்பாலும் அதைத்தான் சொல்கிறேன். அந்தப் பதிப்பில் இல்லாத ஒரு நிகழ்ச்சி பொய் என்று பொருளல்ல. பிறகு வந்து சேர்ந்தது என்றுதான் பொருள்.

இப்போது உங்கள் மகள் கேட்டதற்கு வருகிறேன். மயன் கட்டிய மண்டபத்தில் துரியோதனன் தரையென்று நினைத்துத் தண்ணீரில் விழுகிறான். மாடத்திலிருந்து திரௌபதி “குருடன் மகனும் குருடன்” என்று சொல்லிச் சிரிக்கிறாள். சோப்ரா தொடரில் இந்த வசனம் பதிந்த அளவுக்கு வேறெதுவும் பதியவில்லை. போருக்கே அவள் வாய்தான் காரணம் என்று சொல்பவர்களை இன்றும் கேட்கிறேன். மூலத்தில் அப்படி ஒரு வசனமே இல்லை. அவன் விழும்போது சிரிப்பவர்கள் பீமனும் அர்ச்சுனனும் இரட்டையரும் வேலைக்காரர்களும். திரௌபதி அந்த இடத்தில் பேசப்படவே இல்லை. பிறகு அஸ்தினாபுரம் திரும்பிய துரியோதனன் தன் தந்தையிடம் புலம்பும்போதுதான், “திரௌபதியும் மற்றப் பெண்களும் சிரித்தார்கள்” என்று சேர்த்துச் சொல்கிறான். அவமானப்பட்டவன் தன் வாயால் சொன்ன கணக்கில்தான் அவள் சிரிப்பு வருகிறது. இந்த நுட்பத்தைப் படித்த நாளில் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். ஒரு பெண்மேல் எத்தனை தலைமுறையாகப் பழி போட்டிருக்கிறோம்!

சகுனியின் பகடை அவன் தந்தையின் எலும்பால் ஆனது, கௌரவர்கள் சிறையில் அடைத்துக் கொன்ற தந்தைக்காகத்தான் அவன் அந்தக் குலத்தையே அழிக்க வந்தான் என்ற கதையும் மூலத்தில் இல்லை. இல்லாதது மட்டுமல்ல, அதற்கு இடமும் இல்லை. தருமரின் இராசசூய வேள்விக்குச் சகுனியோடு அவன் தந்தை சுபலனும் வந்ததாக, மகாபாரதத்தின் சபா பருவம் என்ற பகுதியிலேயே இருக்கிறது. சகுனி நொண்டுவதும் சோப்ரா தொடரில் கூஃபி பெயிண்டல் கொடுத்த நடை. அவர்தான் அந்தத் தொடருக்கு நடிகர்களைத் தேர்ந்தெடுத்தவரும்கூட. அந்த நடையும், மருமகனே என்று இழுத்துப் பேசிய குரலும் எவ்வளவு ஆழமாகப் பதிந்துவிட்டன என்றால், பின்னால் வந்த சகுனிகளும் நொண்டத்தான் வேண்டியிருந்தது.

தாயின் வயிற்றில் இருந்தபடியே அபிமன்யு சக்கர வியூகத்தின் வழியைக் கேட்டான், சுபத்திரை தூங்கிவிட்டதால் வெளியேறும் வழி தெரியாமல் போயிற்று என்பதும் பின்னால் வந்தது. மூலத்தில், “உள்ளே போகத் தந்தை கற்றுக்கொடுத்தார், ஆபத்தில் வெளியே வரத் தெரியாது” என்று அவனே தருமரிடம் சொல்கிறான். சுயம்வரத்தில் “தேரோட்டி மகனை மணக்கமாட்டேன்” என்று திரௌபதி கர்ணனை மறுத்ததாக வருவது வடக்கத்திச் சுவடிகள் சிலவற்றில் உண்டு. செம்பதிப்பு அதை ஏற்கவில்லை. துச்சாதனன் இரத்தம் பூசித்தான் கூந்தலை முடிப்பேன் என்ற சபதம்? அதன் வேர் பட்டநாராயணர் என்பவர் எழுதிய வேணீசம்ஹாரம் என்ற வடமொழி நாடகத்தில் இருக்கிறது. பாரதியார் பாஞ்சாலி சபதத்தில் அதைத் தம் நெருப்பில் இட்டு வார்த்தார். எங்கள் ஊர்ப் படுகளத்தில், அதாவது போரின் முடிவை நடித்துக் காட்டும் சடங்கில், மண்ணால் செய்து கிடத்திய துரியோதனன் உருவத்துக்குப் பக்கத்தில் திரௌபதை கூந்தல் முடிவதை ஆண்டுதோறும் பார்த்து வளர்ந்தவன் நான். இது வியாசரில் இல்லை என்று யாராவது சொன்னால் எனக்கு ஒன்றும் ஆவதில்லை. ஏனென்றால் வியாசரிலும் அதன் விதை இருக்கிறது. சமாதானம் பேசத் தூது கிளம்பும் கண்ணனிடம் அவள் தன் அவிழ்ந்த கூந்தலைக் கையில் ஏந்திக் காட்டி, “சமாதானம் பேசும்போதெல்லாம் இதை நினைத்துக்கொள்” என்கிறாள். அந்த ஒரு அசைவிலிருந்து நாடகமும் கூத்தும் பாரதியும் முளைத்தார்கள்.

சேர்ப்பது தவறில்லை என்று நான் சொல்வது இதனால்தான். சோப்ரா தொடர் செய்த மிகச் சிறந்த சேர்க்கை ஒன்றைச் சொல்கிறேன். வியாசர் நூலில் கதைக்குள் கதை. நைமிசாரண்யத்து முனிவர்களுக்கு உக்கிரசிரவர் சொல்கிறார். அவர் சொல்வது, ஜனமேஜயனின் சர்ப்ப வேள்வியில் வைசம்பாயனர் சொன்னதை. அதை அப்படியே எடுத்தால் ஞாயிற்றுக்கிழமைக் காலையில் பார்ப்பவர் தலை சுற்றிப் போகும். திரைக்கதை வசனம் எழுதிய ராஹி மாசூம் ரசா அதை எடுத்துவிட்டு, “நான் காலம்” என்று பேசும் ஒரு குரலைக் கொண்டுவந்தார். முகமில்லை. விண்வெளியில் சுழலும் சக்கரம், ஹரீஷ் பிமானியின் குரல். எங்கள் கூத்தில் கட்டியங்காரன் செய்யும் வேலை அது: திரைக்கு முன்னால் நின்று யார் வருகிறார், ஏன் வருகிறார் என்று சொல்பவன். கட்டியங்காரன் சிரிக்க வைப்பான், காலம் சிரிக்கவில்லை. மற்றபடி வேலை ஒன்றுதான்.

ரசா காசிப்பூரைச் சேர்ந்த உருது, இந்தி எழுத்தாளர். ஒரு முஸ்லிம் மகாபாரதம் எழுதலாமா என்று எதிர்ப்புக் கடிதங்கள் வந்தபோது, தாமும் கங்கையின் மகன்தான் என்று அவர் சொன்னதாக அந்தத் தொடரில் பணியாற்றியவர்கள் நினைவுகூர்ந்திருக்கிறார்கள். ஆலோசகராக இருந்தவர் பண்டித நரேந்திர சர்மா. தொடர் பாதியில் இருக்கும்போதே 1989-இல் காலமானார். இந்த இருவரும் சேர்ந்து முதல் பகுதியை எங்கே தொடங்கினார்கள் தெரியுமா? சந்தனுவிடம் அல்ல. சகுந்தலை மகன் பரதனிடம். தன் ஒன்பது பிள்ளைகளில் ஒருவனும் ஆளத் தகுதியில்லை என்று பரதன் சொல்லி, பரத்துவாசர் வழி வந்த பூமன்யுவை இளவரசனாக்குகிறான். அரசனாவது பிறப்பாலா, தகுதியாலா என்ற கேள்வியை எடுத்த எடுப்பிலேயே வைத்துவிட்டார்கள். மூலத்தில் சில வரிகளில் கடந்துபோகும் செய்தி அது. அதைத் தலைவாசலில் கொண்டுவந்து நிறுத்தியதால், பிறகு சந்தனு ஒரு பெண்ணுக்காக மகனின் உரிமையைப் பலி கொடுப்பதும், திருதராட்டிரன் பிள்ளைப் பாசத்தில் கண்ணிழப்பதும், எல்லாம் அந்த முதல் நீதியிலிருந்து வழுக்கி விழுந்ததாகத் தெரிகின்றன. இதைப் படைப்பு என்றே சொல்வேன்.

இனி விட்டவை. இதில்தான் எனக்கு வழக்கு இருக்கிறது, பழைய தொடரோடும் புதிய தொடரோடும். ஸ்டார் தொலைக்காட்சிக் குழுமத்துக்காகச் சித்தார்த் குமார் திவாரி தயாரித்து 2013 செப்டம்பரில் தொடங்கி 2014 ஆகஸ்டில் 267 பகுதிகளோடு முடிந்ததும், விஜய் தொலைக்காட்சியில் தமிழில் வந்து நம் பிள்ளைகள் மனப்பாடமாக வைத்திருப்பதும் அந்தப் புதிய தொடர்தான். நாள்தோறும் அரை மணி நேரம் ஓடும் தொடருக்கு, ஒவ்வொரு இரவும் யார் நல்லவன், யார் கெட்டவன் என்று பார்ப்பவருக்குச் சட்டென்று தெரிய வேண்டியிருக்கிறது. முகத்தை மூன்று முறை காட்டி இடி இடிப்பது அதற்காகத்தான். இதற்கு முதலில் பலியாவது நல்லவர்கள் செய்த குற்றங்கள்.

ஏகலைவனை எடுத்துக்கொள்ளுங்கள். திரையில் பழி முழுவதும் துரோணர் தலையில் விழுவதைத்தான் பெரும்பாலும் பார்க்கிறோம். ஆதி பருவத்தில் என்ன நடக்கிறது? நாயின் வாயில் ஏழு அம்பு எய்தவனைக் காட்டில் பார்த்துவிட்டு வந்த அர்ச்சுனன், துரோணரைத் தனியே சந்திக்கிறான். “என்னைவிட மேலான சீடன் உங்களுக்கு இருக்கமாட்டான் என்று என்னை அணைத்துச் சொன்னீர்களே” என்கிறான். அதன் பிறகே துரோணர் காட்டுக்குப் போகிறார். கட்டைவிரல் அறுந்து விழுந்ததும் அர்ச்சுனனின் மனக்காய்ச்சல் தணிந்தது, மகிழ்ந்தான் என்று எழுதியிருக்கிறார் வியாசர். தன் கதாநாயகனைப் பற்றி எந்தத் தயக்கமும் இல்லாமல் எழுதியிருக்கிறார். நீங்கள் அர்ச்சுனன் கட்சி என்பதால் இதை முதலில் சொல்கிறேன்.

அரக்கு மாளிகை. பாண்டவர்கள் தப்பித்தார்கள் என்று தெரியும். உள்ளே வெந்து கிடந்த ஆறு உடல்கள் யாருடையவை? அன்றிரவு குந்தி கொடுத்த விருந்துக்கு ஒரு வேடுவப் பெண் தன் ஐந்து மகன்களோடு வந்திருந்தாள். குடித்துவிட்டு அங்கேயே மயங்கிக் கிடந்தார்கள். பீமன் தீ வைத்துவிட்டுச் சுரங்க வழியே போனான். ஊரார் ஆறு உடல்களையும் பார்த்து, குந்தியும் மக்களும் மாண்டார்கள் என்று அழுதார்கள். அந்த வேடுவப் பெண்ணுக்குப் பெயர்கூட இல்லை. ஆனால் வியாசர் அவளை மறைக்கவில்லை. தொடர்களில் அவளைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

காண்டவ வனமும் அப்படித்தான். தொடர்களில் பொதுவாக, பாழ்நிலத்தை நகரமாக்கக் காட்டை எரித்ததாகக் காட்டுவார்கள். மூலத்தில் இந்திரப்பிரஸ்தம் கட்டி வாழ்ந்துகொண்டிருக்கும்போதுதான் காடு எரிகிறது. அக்கினி பசி என்று கேட்க, கண்ணனும் அர்ச்சுனனும் இருபுறமும் நின்று, தப்பியோடும் உயிர்களையும் விழ வைக்கிறார்கள். தப்பிய சிலரில் ஒருவன் மயன். உயிர்ப்பிச்சை பெற்றதற்கு நன்றியாக அவன் கட்டிய மண்டபத்தில்தான் துரியோதனன் தண்ணீரில் விழுகிறான்.

கர்ணனுக்கு வருகிறேன், உங்கள் மகள் வருந்தக்கூடும், இருந்தாலும் அவளுக்குச் சொல்லத்தான் வேண்டும். சாகும் தறுவாயில் கர்ணன் தன் புண்ணியம் முழுவதையும் வேதியர் வடிவில் வந்த கண்ணனுக்குத் தானம் செய்வது வில்லியாரின் பாடல்களில் உண்டு. 1964-இல் வந்த தமிழ்த் திரைப்படம் அதைப் பார்த்த ஒவ்வொருவர் நெஞ்சிலும் எழுதிவிட்டது. வடமொழியில் அது இல்லை. அங்கே தேர்ச்சக்கரம் புதைந்த கர்ணன், “தருமத்தை நினைத்துச் சற்றுப் பொறு” என்று அர்ச்சுனனைக் கேட்கிறான். கண்ணன் ஒவ்வொன்றாகத் திருப்பிக் கேட்கிறான்: திரௌபதியைச் சபைக்கு இழுத்து வந்தபோது உன் தருமம் எங்கே போயிற்று, அபிமன்யுவைப் பலர் சூழ்ந்து கொன்றபோது எங்கே போயிற்று? கர்ணன் பதில் சொல்லாமல் வெட்கித் தலைகுனிந்தான் என்கிறது நூல்.

அந்தச் சபையில் துகிலை உரியச் சொன்னது யார்? துரியோதனன் என்றுதான் நம் எல்லார் நினைவிலும் இருக்கிறது. சபா பருவத்தில், “பாண்டவர்களின் ஆடைகளையும் திரௌபதியின் ஆடையையும் எடு” என்று துச்சாதனனுக்குச் சொல்பவன் கர்ணன். அவளுக்காக எழுந்து பேசிய விகர்ணனை அடக்கிவிட்டு அதைச் சொல்கிறான். இதை மறைத்துவிட்டுக் கர்ணனுக்காக அழுதால் அது பாதிக் கண்ணீர்தான். ஏனென்றால் பல ஆண்டுகள் கழித்து, போருக்கு முன்பு கண்ணனோடு தேரில் தனியே பேசும்போது, “துரியோதனனை மகிழ்விக்கப் பாண்டவர்களை நோக்கிக் கடுஞ்சொல் சொன்னேன், அந்தச் செயலுக்காக இன்று வருந்துகிறேன்” என்று அதே கர்ணன் சொல்கிறான். குற்றத்தைக் காட்டாமல் இந்த வருத்தத்தை எப்படிக் காட்ட முடியும்? என் கர்ணன் இவன்தான். தெரிந்தே தவறான பக்கத்தில் நின்று, தெரிந்தே சாகிறவன்.

அதே சபையில் திரௌபதி கேட்ட கேள்வியை மட்டும் எந்தத் தொடரும் முழுதாக விட்டுவிட முடியவில்லை, நல்லவேளை. “முதலில் தன்னைத் தோற்றாரா, என்னைத் தோற்றாரா?” அழைக்க வந்த பணியாளையே திருப்பி அனுப்பி, சபையில் கேட்டு வரச் சொல்கிறாள். தன்னை இழந்து அடிமையானவனுக்கு இன்னொருவரைப் பந்தயம் வைக்க உரிமை உண்டா? பீஷ்மர், தருமம் நுட்பமானது என்று சொல்லி நழுவுகிறார். சபை கடைசிவரை தீர்ப்புச் சொல்லவில்லை. ஆனால் திரையில் அதற்குள் சேலை வானத்திலிருந்து வந்துவிடுகிறது, கண்ணன் கை உயர்த்திப் புன்னகை செய்கிறான், இசை எழுகிறது, நம் கண் நிறைகிறது, கேள்வி மறந்துபோகிறது. பிறகு திருதராட்டிரன் வரம் தர, முதல் வரத்தில் தருமரையும் இரண்டாம் வரத்தில் மற்ற நால்வரையும் ஆயுதங்களோடு மீட்டு, மூன்றாவது வேண்டாம் என்று நிமிர்ந்து நிற்கிறாள் அவள். கணவர்களை அடிமைத்தளையிலிருந்து மீட்டது அவள். சேலையைவிட எனக்கு இது பெரிது.

எங்கள் பக்கத்துக் கூத்தில் துகிலுரிதல் இரவு எப்படி நடக்கும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். துச்சாதனன் வேடம் கட்டியவர் சேலையைத் தொடுமுன் கற்பூரம் ஏற்றி, அம்மனிடம் மன்னிப்புக் கேட்டுப் பாடுவார். கூட்டத்தில் பெண்கள் எழுந்து நிற்பார்கள். சிலருக்கு அருள் வரும். சேலையின் நீளத்தை யாரும் பார்ப்பதில்லை.

தலைப்பில் சொன்ன சங்குக்கு வருகிறேன். போரின் பதினைந்தாம் நாள். துரோணரை வெல்ல முடியவில்லை. அவர் மகன் இறந்தான் என்று சொன்னால்தான் ஆயுதத்தைக் கீழே வைப்பார். பீமன் அசுவத்தாமன் என்ற பெயருடைய யானையைக் கொன்றுவிட்டுக் கத்துகிறான். துரோணர் நம்பாமல் தருமரைக் கேட்கிறார். மூன்று உலகம் கிடைத்தாலும் அவர் பொய் சொல்லமாட்டார் என்று நம்பியே கேட்கிறார். நாம் பார்த்துப் பழகிய காட்சியில் தருமர் “அசுவத்தாமன் இறந்தான்” என்று உரக்கச் சொல்லி, “அது யானை” என்றும் தெளிவாகவே சொல்வார். சரியாக அந்த நொடியில் கண்ணன் சங்கை ஊதிவிடுவான். துரோணர் காதில் பிற்பாதி விழாது. தருமர் பாவம், உண்மையைத்தான் சொன்னார்!

துரோண பருவத்தில் சங்கே இல்லை. கண்ணன் தூண்டுகிறான், உண்மைதான். ஆனால் முதல் பாதியை உரக்கச் சொல்லிவிட்டு, “யானை” என்ற சொல்லைக் கேட்காதபடி வாய்க்குள் முணுமுணுத்தவர் தருமரேதான். பொய்க்கு அஞ்சினார், வெற்றியையும் விரும்பினார் என்று அந்த நொடியில் அவர் மனத்தையும் சொல்கிறார் வியாசர். அதுவரை பூமியிலிருந்து நான்கு விரற்கடை உயரத்தில் ஓடிக்கொண்டிருந்த அவர் தேர், அந்தச் சொல்லுக்குப் பின் மண்ணைத் தொட்டது. ஒரு சங்கை ஊதி அந்தத் தேரை நாம் மறுபடி மேலே தூக்கி வைத்துவிட்டோம். கண்ணன்மேல் பாரத்தைப் போட்டால் யாரும் கேட்கமாட்டார்கள் என்பதால் வந்த வழக்கம் இது. தொடர்களுக்கு முன்பே மேடைகளில் இருந்தது. ஆனால் ஒரு நாடே சேர்ந்து பார்த்தபோது அது உறுதிப்பட்டுவிட்டது.

இதன் விளைவு கதையின் கடைசியில் தெரியும். ஆனால் தொடர்கள் அதுவரை போவதில்லை. சோப்ராவுடையது பீஷ்மர் உயிர்விடுவதோடு நின்றது. புதியது தருமர் முடிசூடுவதோடு நின்றது. வில்லியாரும் பதினெட்டுப் பருவங்களில் பத்தோடு நிறுத்திக்கொண்டவர்தான், எனவே திரையை மட்டும் குறை சொல்ல எனக்கு மனமில்லை. உங்கள் மகளுக்கு வயது வந்ததும் கும்பகோணம் பதிப்பின் கடைசித் தொகுதியை வாங்கிக் கொடுங்கள். ம. வீ. இராமானுஜாசாரியார் பெருமுயற்சி எடுத்து வெளியிட்ட முழுமையான தமிழாக்கம் அது. மொழிநடை பழையது, முதல் நாற்பது பக்கம் கடினமாக இருக்கும், பிறகு பழகிவிடும். அதுவரை நீங்களே கதையாகச் சொல்லுங்கள்.

கண்ணன் குலமே ஒருவரையொருவர் அடித்துக்கொண்டு அழிகிறது. காட்டுத் தீயில் திருதராட்டிரனும் காந்தாரியும் குந்தியும் மாள்கிறார்கள். மலையேறும் வழியில் திரௌபதியும் தம்பிகளும் ஒவ்வொருவராக விழ, தருமர் மட்டும் ஒரு நாயோடு மேலே போகிறார். சொர்க்கத்தில் நுழைந்ததும் முதலில் கண்ணில் படுபவன் துரியோதனன், அரியணையில் ஒளியோடு. தம்பிகளைக் காணோம். எங்கே என்று கேட்க, இருட்டும் நாற்றமும் நிறைந்த ஒரு வழியில் தேவதூதன் அழைத்துப் போகிறான். தாங்க முடியாமல் தருமர் திரும்பும்போது இருட்டிலிருந்து குரல்கள் எழுகின்றன: சற்று நேரம் நில்லுங்கள், உங்கள் மேனியில் பட்டு வரும் காற்று எங்களுக்கு இதமாக இருக்கிறது. யார் நீங்கள் என்று கேட்கிறார். கர்ணன், பீமன், அர்ச்சுனன், திரௌபதி என்று ஒவ்வொரு பெயராக வருகிறது. தருமர் தேவதூதனைத் திருப்பி அனுப்பிவிடுகிறார்; இவர்களுக்கு என்னால் இதம் என்றால் நான் இங்கேயே இருக்கிறேன், போய்ச் சொல் என்கிறார்.

பிறகு இந்திரன் வந்து இருளை விலக்கி, ஏன் இந்த நரகத்தைக் காட்டினோம் என்று காரணம் சொல்கிறான். மகன் விஷயத்தில் துரோணரை நீ வஞ்சனையால் ஏமாற்றினாய். அதனால் வஞ்சனையாகவே உனக்கு இது காட்டப்பட்டது என்கிறான்.